வெறும் தொட்டிலின் அலைவு நேரம்

ஜூன் 29, சனி

பாடக்குறிப்பு எழுதுவதற்காக வாங்கிய நோட்டு இது. ஒவ்வொரு பக்கத்தின் தலையிலும் 'கற்றல் நோக்கம்' என்றும் அடியில் 'கற்றல் விளைவு' என்றும் அச்சடித்திருக்கிறது. இரண்டுக்கும் நடுவில் உள்ள இடத்தில் எழுதிக்கொள்கிறேன்.

நேற்று மாலை நாலு நாற்பதுக்குப் பெண் குழந்தை பிறந்தது. பத்து வாரம் முன்னதாக வந்துவிட்டாள். நிறை 1,180 கிராம்.

ஆஸ்பத்திரியில் இதை எடை என்கிறார்கள். பதினாறு வருடமாகப் பதினோராம் வகுப்புக்கு இயற்பியல் நடத்துகிறேன். கிராமில் சொல்வது நிறை, பூமி இழுப்பதுதான் எடை என்று சொல்லிச் சொல்லி, மாற்றி எழுதிய பிள்ளைகளுக்கு அரை மதிப்பெண் குறைத்திருக்கிறேன். இன்று நர்சிடம் ஒன்றும் சொல்லவில்லை.

மயக்கம் தெளிந்ததும் செண்பகம் கேட்ட முதல் கேள்வி, "எவ்ளோ?" ஆணா பெண்ணா என்று கேட்கவில்லை. போன முறை அதைத்தான் முதலில் கேட்டாள்.

ஜூலை 1, திங்கள்

சாத்தூரிலிருந்து பேச்சியக்கா வந்துவிட்டாள். ஒரு பையில் துணிமணி, இன்னொன்றில் பூண்டும் சுக்கும் கருப்பட்டியும். அபிப்பிராயங்களுக்குத் தனிப் பை தேவைப்படவில்லை.

"தம்பி, ஆரு கேட்டாலும் நல்லாருக்குன்னு மட்டும் சொல்லு. இத்தனை கிலோ அத்தனை கிலோன்னு சொல்லப்பிடாது. கண்ணு பட்டுரும்."

"அங்க இருக்கிறதே ஒரு கிலோதான்க்கா."

"அதையும் சொல்லாத."

பெயரும் வைக்கக் கூடாதாம், வீட்டுக்கு வருகிற வரைக்கும். அதில் எங்கள் இருவருக்கும் ஆட்சேபம் இல்லை. குழந்தையின் காலில் கட்டிய பட்டையில் 'செண்பகம் குழந்தை' என்று எழுதியிருக்கிறது. இப்போதைக்கு அது போதும்.

ஜூலை 3

1,090. முதல் வாரம் குறைவது இயல்புதான் என்றார் டாக்டரம்மா. இயல்பு.

ஜூலை 5, வெள்ளி

இந்த வாரம் எடுத்த விடுப்புக்கு விண்ணப்பம். கணினியில் குழந்தையின் பெயர் என்ற கட்டத்தை நிரப்பாமல் அடுத்த பக்கத்துக்குப் போக முடியவில்லை. அலுவலக உதவியாளர் முத்தையா அனுபவசாலி. "ஒரு புள்ளி வச்சிருங்க சார், ஏத்துக்கிடும்" என்றார். வைத்தார். ஏற்றுக்கொண்டது. ஆக, அரசாங்கக் கணக்கில் என் மகளின் பெயர் ஒரு முற்றுப்புள்ளி.

பேருந்து நிலையம் வரை போய்விட்டுத் திரும்பி வந்தேன். அதைக் கமாவாக மாற்றித் தரச் சொன்னேன். முத்தையா என்னைப் பார்த்தார். பிறகு மாற்றித் தந்தார்.

ஜூலை 9, செவ்வாய்

பகலில் பள்ளிக்கூடம், மாலையில் திருநெல்வேலி பஸ். செண்பகம் ஆஸ்பத்திரியிலேயே தாய்மார்கள் அறையில் இருக்கிறாள். அக்காவும் அங்கேதான்.

இன்று 'இயக்க விதிகள்' ஆரம்பித்தேன். ஒரே மாதிரி இரண்டு பெயின்ட் டப்பாக்களைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டேன். ஒன்றில் மணல், இன்னொன்று காலி. இசக்கிராஜின் கண்ணைக் கட்டி, டப்பாக்களை விரலால் தள்ளிப் பார்க்கச் சொன்னேன். உடனே சொல்லிவிட்டான்.

"சார், தூக்கியே பாக்கல. எப்படித் தெரியுது?"

"கனமான டப்பா நகர யோசிச்சுதா?"

"ஆமா சார். நகந்த பெறவு நிக்கவும் யோசிச்சுது."

"அதுதான் நிலைமம். இருக்கிற நிலையை மாத்திக்க மறுக்கிற குணம். அந்த மறுப்பு எவ்வளவுங்கிறதுக்கு அளவுதான் நிறை. நிறை அதிகம்னா மறுப்பும் அதிகம். தராசே வேண்டாம், தள்ளிப் பார்த்தாலே தெரியும்."

"எங்கப்பா காலையில எந்திரிக்க மாட்டேங்காரே, அதுவும் நிலைமமா சார்?" என்று பின்பெஞ்சிலிருந்து ஒரு குரல். வெளியிலிருந்து ஒரு விசை செயல்படும் வரை நிலைமம்தான் என்றேன். அம்மாதான் அந்த விசை என்றான். வகுப்பு நன்றாகப் போனது.

திரும்பும் பஸ்ஸில் கயத்தாறு தாண்டி டிரைவர் திடீரென்று பிரேக் போட்டார். பஸ் நின்றது. நான் நிற்கவில்லை. முன்சீட்டுக்காரர் மடியில் உட்கார்ந்து மன்னிப்புக் கேட்டேன்.

ஜூலை 13, சனி

பிறந்தபோது இருந்த நிறைக்குத் திரும்பிவிட்டாள். 1,190.

இன்று என் முறை. கங்காரு என்கிறார்கள். சட்டையைக் கழற்றிவிட்டுச் சாய்வு நாற்காலியில் உட்கார வேண்டும். குழந்தையை நெஞ்சில் தோலோடு தோலாக வைத்துத் துணியால் கட்டிவிடுவார்கள். ஜெபராணி சிஸ்டர் கட்டினார். அந்த வார்டில் குரலை உயர்த்தாமலே அனைவரையும் பயப்பட வைப்பவர் அவர்.

"நீங்க ஒண்ணும் செய்ய வேண்டாம் சார். சும்மா இருந்தாப் போதும்."

"பழக்கம்தான் சிஸ்டர். அரசாங்க வேலை."

அவர் சிரிக்கவில்லை. "மூச்சு மட்டும் விடுங்க. சில அப்பாமாருங்க அதையும் நிறுத்திருதாங்க."

என் நிறை 82 கிலோ. ஏறக்குறைய அவளைப் போல் எழுபது மடங்கு. நான் மூச்சை இழுத்தால் அவள் மேலே போகிறாள், விட்டால் இறங்குகிறாள். நிறை குறைந்த பொருளின் நிலையை மாற்றச் சிறு விசையே போதும் என்று இந்த வாரம்தான் கரும்பலகையில் எழுதியிருந்தேன். எழுதும்போது அது ஒரு நல்ல செய்தியாகவோ கெட்ட செய்தியாகவோ தோன்றவில்லை.

ஒரு மணி நேரம் பெரிதாக மூச்சு விடாமல் உட்கார்ந்திருந்தேன். பிறகு மாடிப்படியில் போய் உட்கார்ந்து மீதி மூச்சை விட்டேன்.

ஜூலை 14, ஞாயிறு

நிலைமத்துக்கு விதி எழுதிய நியூட்டனே குறைமாதக் குழந்தைதான் என்று செண்பகத்திடம் சொன்னேன். ஒரு சின்ன ஜாடிக்குள் அடங்கிவிடுவாராம். ஏதோ வாங்கிவரப் போன இரண்டு பெண்கள், எப்படியும் திரும்புவதற்குள் குழந்தை போய்விடும் என்று வழியில் உட்கார்ந்துவிட்டார்களாம். அவர் எண்பத்து நாலு வயது வரை இருந்தார்.

அவள் பாலைப் பீய்ச்சிக் கிண்ணத்தில் எடுத்துக்கொண்டே கேட்டாள்.

"அவுக அம்மா அப்ப என்ன செஞ்சாக?"

யோசித்துப் பார்த்தேன். "அது எழுதியில்லை."

"எழுத மாட்டாக" என்றாள்.

ஜூலை 27, சனி

ஒரே நாளில் முப்பத்தைந்து கிராம்! நேற்று 1,424, இன்று 1,459. வழக்கமாகப் பதினைந்து, இருபதுதான் ஏறும். செண்பகம் ஒரு மாதத்துக்குப் பிறகு பல் தெரியச் சிரித்தாள். நான் கடலைமிட்டாய் வாங்கி வார்டு முழுக்கக் கொடுத்தேன். ஜெபராணி சிஸ்டர் ஒன்றை வாங்கிக்கொண்டு, "நாளைக்கும் பாப்போம் சார்" என்றார். எனக்கு அந்தத் தொனி பிடிக்கவில்லை. விஞ்ஞான மனப்பான்மை பிறரிடம் இருக்கும்போது எரிச்சலாகத்தான் இருக்கிறது.

ஜூலை 28, ஞாயிறு

குழந்தையின் இடுப்பில், டயப்பருக்கு அடியில், கறுப்புக் கயிற்றில் கோத்த வெள்ளித் தாயத்து. வைத்தவள் பேச்சியக்கா. வெள்ளிக்கிழமை கங்காருவுக்கு உட்கார்ந்தபோது கட்டியிருக்கிறாள். கண்ணு படக் கூடாது என்பதற்காக.

சிஸ்டர் அதைக் கழற்றித் தராசில் தனியாகப் போட்டுக் காட்டினார். பதினாலு கிராம். ஆக, நேற்று ஏறியதில் குழந்தையின் பங்கு இருபத்தொன்று, தாயத்தின் பங்கு பதினாலு. இன்றைய கணக்கு 1,451. உண்மையில் ஆறு கிராம் ஏறியிருக்கிறாள். ஆனால் காலையில் பணியில் இருந்த பெண் நேற்றைய எண்ணைப் பார்த்துவிட்டு "எட்டு குறைஞ்சிருக்கு" என்று வாசித்ததைச் செண்பகம் வராந்தாவில் கேட்டுவிட்டாள்.

கணக்கை விளக்கினேன். இரண்டு முறை. சுவரைப் பார்த்துக்கொண்டு கேட்டாள்.

அக்கா சிஸ்டரிடம் திட்டு வாங்கிக்கொண்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். "நல்லதுக்குத்தான் செஞ்சேன்டா."

"தெரியும்க்கா. நானும் மிட்டாய் குடுத்துட்டேன்."

ஆகஸ்ட் 3

1,570. நானும் அக்காவும் யாருக்கும் ஒன்றும் கொடுக்கவில்லை, கட்டவில்லை.

ஆகஸ்ட் 14, புதன்

1,805. வீட்டுக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டார்கள்.

டாக்டரம்மா நிபந்தனைகளைச் சொன்னார். கூட்டம் சேரக் கூடாது. கை கழுவாமல் தொடக் கூடாது. தொட்டிலில் போடலாம், உள்ளே தட்டையாக விரித்து, கழுத்து மடங்காமல், மெதுவாக. ஆகஸ்ட் 29 அன்று கொண்டுவர வேண்டும். அன்றைக்கு இரண்டு கிலோ இருக்க வேண்டும். இல்லையென்றால் மறுபடியும் சேர்த்துக்கொள்வார்கள்.

காரில் வரும்போது குழந்தையை நிறுக்கும் தராசு ஒன்று வாடகைக்குக் கிடைக்கும் என்றேன்.

"வேண்டாம்."

"வாரத்துக்கு ஒருதடவை மட்டும்..."

"நாப்பத்தேழு நாளு, காலையில எட்டு மணிக்கு அந்த நம்பருக்காக உசுரைக் கையில புடிச்சிட்டு நின்னேன். வீட்டுக்குள்ள தராசு வரப்பிடாது. நம்பரும் வரப்பிடாது. இருபத்தொம்பதாம் தேதி அவுக சொல்லட்டும், கேட்டுக்கிடுதேன்."

டிரைவர் எங்களுக்காக இருபது கிலோமீட்டர் வேகத்தில் கோவில்பட்டி வந்து சேர்ந்தார்.

ஆகஸ்ட் 15, வியாழன்

பள்ளியில் கொடியேற்றிவிட்டு வந்து பரணில் ஏறினேன். ஸ்பிரிங் தொட்டிலின் ஸ்பிரிங், குறுக்குக் கட்டை, கொக்கி எல்லாம் செய்தித்தாளில் சுற்றியபடி இருந்தன. மூன்று வருடத்துக்கு முந்தைய செய்தித்தாள். ஸ்பிரிங் புதிதுதான். துருவில்லை. எண்ணெய் போட்டு ஹாலில் மாட்டினேன். அக்கா துணியை வெந்நீரில் அலசிக் காயப்போட்டாள்.

மாட்டிவிட்டுக் கீழிருந்து பார்த்துக்கொண்டிருந்தபோது ஒரு விஷயம் தோன்றியது. இயற்பியல் ஆசிரியர்களுக்கு இப்படித் தோன்றும். அதற்கு மருந்து கிடையாது.

கயிற்றுத் தொட்டிலில் யார் படுத்தாலும் அது ஒரே வேகத்தில்தான் ஆடும். கனத்த பிள்ளையை அசைப்பது கடினம், ஆனால் பூமியும் அந்தப் பிள்ளையை அதே அளவுக்குக் கூடுதலாக இழுக்கிறது. இரண்டும் சரியாகிவிடும். ஸ்பிரிங் தொட்டில் அப்படியல்ல. ஸ்பிரிங்குக்குத் தன் பலம் மட்டுமே தெரியும். அதில் தொங்கும் நிறை கூடினால், நகர மறுப்பதும் திரும்ப மறுப்பதும் கூடும், மேலும் கீழுமான ஆட்டம் மெதுவாகும். முப்பது ஆட்டத்துக்கு எத்தனை விநாடி என்று எண்ணினால், குழந்தையின் நிறையைச் சொல்லிவிடலாம்.

அவள் தராசுதான் வேண்டாம் என்றாள்.

நம்பரும் வேண்டாம் என்றாள். அது நினைவிருக்கிறது. நம்பர் இந்த நோட்டில்தான் இருக்கும், வீட்டில் அல்ல.

ஆகஸ்ட் 16, வெள்ளி

செண்பகமும் குழந்தையும் உள்ளறையில் தூங்கும்போது தொட்டிலைச் சோதித்தேன். விரிப்பு போட்டு, ஒரு கிலோ துவரம்பருப்புப் பொட்டலம் வைத்து, இரண்டு சென்டிமீட்டர் இழுத்து விட்டேன். முப்பது ஆட்டம், 20.5 விநாடி. இரண்டு பொட்டலம், 25.4 விநாடி.

தொட்டிலுக்கும் சொந்த நிறை உண்டு. வெறும் தொட்டிலை ஒருமுறை ஆட்டி அளந்தால் அது நேரடியாகத் தெரிந்துவிடும். தேவையில்லை. பருப்பின் இரண்டு அளவுகளை வைத்துக்கொண்டே இயற்கணிதத்தில் அதைக் கண்டுபிடித்துவிடலாம். வெறும் தொட்டிலுக்கு 14.0 விநாடி வர வேண்டும். இதுதான் நேர்த்தியான முறையும்கூட.

மூன்றாம் தடவை சரிபார்க்கும்போது அக்கா வந்துவிட்டாள்.

"என்னத்தடா ஆட்டுத?"

"துவரம்பருப்பு."

"தூங்கிருச்சா?"

"அக்கா, வெறும் தொட்டில ஆட்டல. உள்ள பருப்பு இருக்கு, பாரு."

கேலி செய்ய வாயைத் திறந்தவள் மூடிக்கொண்டாள். பிறகு ஒரு பொட்டலத்தை எடுத்துக்கொண்டு போய்ச் சாம்பார் வைத்தாள்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

24.5 விநாடி. அதாவது 1,800.

செண்பகம் குளிக்கப் போனபோது எண்ணினேன். கையில் போன். பார்த்தால் பள்ளி வாட்ஸ்ஆப் குழுவைப் படிப்பது போலத்தான் இருக்கும், முகத்திலும் அதே சலிப்பு. என் கட்டைவிரல் பிழையால் இருபது, இருபத்தைந்து கிராம் முன்பின் இருக்கலாம். ஒரு நாளைக்கு ஐந்து முறை எடுத்துச் சராசரி போடுகிறேன்.

ஆகஸ்ட் 20

24.5.

ஆகஸ்ட் 21

24.4. என் கட்டைவிரல்தான்.

ஆகஸ்ட் 22, வியாழன்

24.5. வீட்டுக்கு வந்து எட்டு நாளாகிறது, ஒரு கிராம்கூட ஏறவில்லை. கட்டைவிரலைக் குறை சொல்ல முடியாது.

பள்ளியில் தேர்வுத்தாள் திருத்தினேன். ஒரு பையன், 'வேறு எதுவும் செய்யாவிட்டால் ஒரு பொருள் அப்படியே இருக்கும், இதற்கு நிலைமம் என்று பெயர்' என்று எழுதியிருந்தான். முழு மதிப்பெண் போட்டேன்.

வேறு காரியம் இல்லாததால் ஒன்றை எழுதி வைக்கிறேன். இந்தத் தொட்டிலை மூன்று வருடத்துக்கு முன்பு, செண்பகத்துக்கு ஏழாம் மாதம் நடக்கும்போது வாங்கினேன். வாங்கிய அன்றே மாட்டினேன். வெறும் தொட்டிலை ஆட்டக் கூடாது என்று அக்கா போனிலேயே சொன்னாள். நான் ஆட்டினேன். சும்மா அல்ல, செண்பகத்துக்கு அலைவு நேரம் என்றால் என்னவென்று காட்டுவதற்காக. எண்ணிக்கொண்டே ஆட்டினேன். பதினோரு நாள் கழித்துப் பையன் பிறந்தான். பெயர்கூட முன்பே தேர்ந்தெடுத்து வைத்திருந்தோம். இரண்டு நாள் இருந்தான்.

இரண்டுக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது. இதை யார் கேட்டாலும் தெளிவாக விளக்க முடியும். யாரும் கேட்கவில்லை. செண்பகம் ஒருநாளும் கேட்டதில்லை.

இதை எதற்கு எழுதினேன் என்று தெரியவில்லை. பருப்பு முறையே போதுமானது என்பதைப் பதிவு செய்வதற்காக இருக்கலாம்.

ஆகஸ்ட் 23, வெள்ளி

இடைவேளையில் பள்ளி மைதானத்து வேப்பமரத்தடியிலிருந்து ஜெபராணி சிஸ்டருக்குப் போன் செய்தேன்.

"எடை ஏறலைன்னு எப்படி சார் சொல்லுதீங்க? வீட்டுல தராசு இருக்கா?"

"இல்லை. தொட்டில் மெதுவாகலை."

பைத்தியம் என்று நினைத்திருப்பார். ஆனால் வேலையில் கெட்டிக்காரர். குழந்தை நேராகக் குடிக்கும்போது களைத்துப்போய்ப் பாதியில் தூங்கிவிடும், வயிறு நிறைந்துவிட்டதென்று வீட்டில் நினைத்துக்கொள்வார்கள் என்றார். ஒவ்வொரு முறை குடித்த பிறகும் பாலைப் பீய்ச்சிச் சங்கில் கொஞ்சம் கொஞ்சமாகப் புகட்ட வேண்டும். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை. தூங்கினாலும் எழுப்பி.

இதைச் செண்பகத்திடம் எப்படிச் சொல்வது என்று பஸ் நிலையத்திலிருந்து வீடு வரை ஒத்திகை பார்த்தேன். கடைசியில், "சிஸ்டர் சும்மா விசாரிக்கப் போன் பண்ணாங்க. எல்லாக் குழந்தைக்கும் இப்பச் சங்குல குடுக்கச் சொல்லுதாங்களாம்" என்றேன்.

ஏன் எதற்கு என்று கேட்பாள் என்று எதிர்பார்த்தேன். "சரி" என்று எழுந்து சங்கை வெந்நீரில் போட்டாள். சங்கு ஏற்கெனவே கழுவித் தயாராக மேடை மேல் இருந்தது. அக்கா எடுத்து வைத்திருப்பாள்.

ஆகஸ்ட் 25

24.7. இரண்டு மணிக்கு ஒருமுறை சங்கு. செண்பகம் ஊட்ட, அக்கா பிள்ளையின் காதைச் சுண்டி எழுப்ப, நான் பாத்திரம் கழுவுகிறேன். மூவருக்கும் கண் சிவந்திருக்கிறது. சின்னவள் மட்டும் நன்றாகத் தூங்குகிறாள்.

ஆகஸ்ட் 27

25.0.

ஆகஸ்ட் 28, புதன்

25.3, 25.4, 25.4, 25.3, 25.4. இரண்டு பொட்டலம் துவரம்பருப்பை எட்டிப் பிடித்துவிட்டாள். நாளை ஆஸ்பத்திரி.

செண்பகத்திடம் சொல்லிவிடலாமா என்று வாய் வரை வந்தது. நம்பர் வரக் கூடாது என்றாளே. அதற்குப் பதிலாக அவளுடைய பழைய செருப்புக்கு வார் தைத்துக் கொண்டுவந்தேன்.

ஆகஸ்ட் 29, வியாழன்

தராசில் எண் ஓடி நின்றது. 2,015. செண்பகம் கண்ணை மூடிக்கொண்டிருந்தாள். டாக்டரம்மா வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் திறந்தாள். மறுபடி சேர்க்க வேண்டியதில்லை. இனிமேல் மாதம் ஒருமுறை வந்தால் போதும்.

வெளியே வரும்போது ஜெபராணி சிஸ்டர் வழிமறித்தார். முதல் தடவையாக அவர் சிரித்துப் பார்த்தேன்.

"நல்ல குடும்பம் சார் உங்களது. ஒரே சந்தேகத்துக்கு ரெண்டு பேரும் தனித்தனியா போன் போடுதீங்க. போன வியாழக்கிழமை இவுக. வெள்ளிக்கிழமை நீங்க. ரெண்டு பேரும் 'அடுத்தாளுக்குத் தெரிய வேண்டாம்'னு வேற."

நான் செண்பகத்தைப் பார்த்தேன். அவள் பிள்ளையின் குல்லாவைச் சரிசெய்துகொண்டிருந்தாள். குல்லா சரியாகத்தான் இருந்தது.

கார் பாளையங்கோட்டையைத் தாண்டியதும் கேட்டேன்.

"உனக்கு எப்படித் தெரிஞ்சுது, ஏறலைன்னு?"

"தொட்டில் பக்கத்துல உக்காந்து 'ம்ம்'னு இழுப்பேன்ல. ஒரு மூச்சுக்கு ஒம்பது ஆட்டம் ஆடும். பிள்ளை கனத்தா மெதுவாகும்னு நீங்கதான அன்னைக்குச் சொன்னீக. எட்டு நாளு ஒம்பதுலயே நின்னுச்சு. அதான் சிஸ்டருக்குப் போன் போட்டேன்." பிள்ளையை மடியில் சரியாகக் கிடத்திக்கொண்டாள். "இப்ப ஒம்பதாவது முடியதுக்குள்ள எனக்கு மூச்சு முட்டுது."

அன்னைக்கு என்றால் எந்த அன்றைக்கு என்று எங்கள் இருவருக்கும் தெரியும். நான் ஜன்னல் வழியாகக் காற்றாலைகளை எண்ணிக்கொண்டு வந்தேன்.

"நீங்க எத்தனைக்கு எண்ணுவீக?" என்றாள்.

"முப்பது."

"அதான் போனையே பாத்துட்டு நின்னீகளாக்கும். அந்த வாட்ஸ்ஆப்புல அப்படி என்னதான் வருதுன்னு நெனச்சேன்."

முன்சீட்டிலிருந்து அக்கா திரும்பினாள். "நீங்க ரெண்டு பேரும் என்னத்தப் பேசுதீக? பிள்ளை எம்புட்டு இருக்குன்னு எங்கிட்ட ஒருத்தரும் சொல்லல."

"சொல்லப்பிடாது மதினி, கண்ணு பட்டுரும்" என்றாள் செண்பகம்.

செப்டம்பர் 1, ஞாயிறு

காலையில் அக்கா குழந்தையைக் காலில் போட்டுக் குளிப்பாட்டப் போனாள். நான் ஹாலில் உட்கார்ந்து எட்டாம் தேதிக்குள் பதிவேற்ற வேண்டிய எதையோ பதிவேற்றிக்கொண்டிருந்தேன். செண்பகம் தொட்டிலிலிருந்து ஈர விரிப்பை எடுத்துவிட்டு உலர்ந்ததைப் போட்டாள். போட்டவள் அங்கேயே நின்றாள்.

"இது வெறுசா இருந்தா எத்தனை வரும்?"

"பதினாலு விநாடி."

"ஆட்டிப் பாத்தீகளா?"

"இல்லை. கணக்குலயே வந்துரும். பருப்பை வச்சு..."

"மதினி சொன்னாக, பருப்பை." குறுக்குக் கட்டையில் கையை வைத்துக்கொண்டாள். "மூணு வருசமா அதை மனசுல போட்டு வச்சிருக்கீகளா?"

"எதை?" என்றேன்.

தொட்டிலைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"நானும் பக்கத்துலதான நின்னேன். இன்னொருக்கா ஆட்டுங்கன்னு கேட்டதே நாந்தான். மறந்துட்டீகளா?"

நான் மறந்திருந்தேன். என் நினைவில் அந்த ஹாலில் தொட்டிலும் நானும் மட்டும்தான் இருந்தோம். இப்போது பார்த்தால் அவளும் இருக்கிறாள், வயிற்றில் ஒரு கையை வைத்துக்கொண்டு, இன்னொருக்கா என்கிறாள். சிரித்தும்கூட இருக்கிறாள்.

செண்பகம் தொட்டிலை இரண்டு விரலால் கீழே இழுத்தாள்.

"எண்ணுங்க."

விட்டாள்.

பதினேழில் எண்ணிக்கை தவறிவிட்டது. பதினாறு வருடமாக அலைவுகளை எண்ணி வருகிறேன், இப்படி நடந்ததில்லை. ஸ்டாப்வாட்ச் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. செண்பகம் தொட்டிலைக் கையால் பிடித்து நிறுத்தி, மறுபடி இழுத்து விட்டாள். இந்தத் தடவை அவளே உரக்க எண்ணினாள். ஒண்ணு, ரெண்டு, மூணு. காலித் தொட்டில் படபடவென்று ஆடியது. அதற்கு மறுக்க ஒன்றும் இல்லை.

குளியலறையிலிருந்து அக்காவின் குரல். "ஏத்தா, தொட்டில் சத்தம் கேக்கு? பிள்ளை இங்கல்லா இருக்கு! அங்க ஆரு ஆட்டுதது?"

"நாங்கதான் மதினி" என்றாள் செண்பகம், இருபத்தொன்றுக்கும் இருபத்திரண்டுக்கும் நடுவில்.

குளியலறையில் ஒரு செம்பு தண்ணீர் ஊற்றும் சத்தம் மட்டும் கேட்டது.

முப்பது ஆட்டம், 14.1 விநாடி. கணக்கில் வந்தது 14.0. மீதி என் கட்டைவிரல்.

பிறகு அக்கா குழந்தையைத் துவட்டிச் சாம்பிராணி காட்டிக் கொண்டுவந்து, எங்கள் இருவரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, தொட்டிலில் போட்டாள். தொட்டில் மெதுவானது.